ராஜா காத்திருந்த வெந்நீர் ஊற்று

வேலை நிமித்தம் பாட்னா, கயா, ராஞ்சி என்று வந்து சேர்ந்திருக்கும் நம்மவர்களுக்கு ஒரு பொதுவான கடமை உண்டு. ஊரிலிருந்து அப்பா அம்மாவோ, மாமனார் மாமியாரோ, பெரியப்பா குடும்பமோ கயா சிராத்தத்துக்கு வருவார்கள். ஸ்டேஷனுக்குப் போய்க் கூட்டிவர வேண்டும். தமிழ் பேசும் வாத்தியாராகப் பார்த்து ஏற்பாடு செய்ய வேண்டும். விஷ்ணுபாதம், அட்சயவடம், புத்தகயா என்று சுற்றிக் காட்ட வேண்டும். எல்லாம் முடிந்தபிறகும் ஊர் திரும்பும் ரயிலுக்கு ஒரு நாள் மிச்சம் இருக்கும். "பக்கத்துல வேற என்னப்பா இருக்கு?" என்று கேட்பார்கள்.

அந்த மிச்ச நாளுக்கு நான் எல்லோருக்கும் சொல்லும் ஊர் ராஜ்கிர். புராணங்களிலும் பௌத்த நூல்களிலும் ராஜகிருகம் என்று வருகிற அதே ஊர்தான். முதல்நாள் ராத்திரி அங்கே போய்த் தங்கிவிட்டால் மறுநாள் அரைநாள் போதும். விடிகாலை ஐந்து மணிக்கு உள்ளூர் வழிகாட்டி ஒருவரோடு வண்டி ஏறினால் முதலில் நவாதா மாவட்டத்தில் இருக்கும் ககோலத் அருவி. அங்கே ஜில்லென்று ஒரு குளியல். திரும்பி வந்து ராஜ்கிரின் வெந்நீர் ஊற்றில் இன்னொரு குளியல். மத்தியானச் சாப்பாட்டுக்குள் எல்லாம் முடிந்துவிடும். தங்கமணி இதற்கு வைத்திருக்கும் பெயர் "ரெண்டு குளியல் டூர்" :-)

எந்த ஓட்டல் நல்லது, வண்டி வாடகை எவ்வளவு என்பதெல்லாம் அங்கே போய்க் கேட்டாலே தெரிந்துவிடும். அந்த அரைநாளில் கண்ணில் படுவதற்குப் பின்னால் இருக்கும் சரித்திரத்தைத்தான் இங்கே எழுதுகிறேன். நான் படித்தது பி.காம், சரித்திர ஆசிரியன் இல்லை. ஆனால் வரவு செலவு பார்க்கிற பழக்கம் உள்ளவனுக்கு இந்த ஊர் சரித்திரம் ரொம்பவே சுவாரசியம். ஏன் என்று போகப்போகத் தெரியும்.

முதலில் அருவி. ஹசாரிபாக் பீடபூமி சரிந்து கங்கைச் சமவெளியில் இறங்கும் விளிம்பில் இருக்கிறது ககோலத். சுமார் 150, 160 அடி உயரம். குற்றாலம் பார்த்த கண்ணுக்கு இது பெரிய அதிசயமாகத் தோன்றாதுதான். ஆனால் 2000 நவம்பரில் ஜார்க்கண்ட் தனி மாநிலமாகப் பிரிந்தபோது ஹுண்ட்ரு, ஜோன்ஹா, தசம் என்று பேர்போன அருவிகள் எல்லாம் அந்தப் பக்கம் போய்விட்டன. பாகப்பிரிவினைக்குப் பிறகு கையில் மிஞ்சிய சொத்தின் மேல் பாசம் கூடத்தானே செய்யும்? மகதப் பகுதி ஜனங்களுக்கு ககோலத் மேல் அப்படி ஒரு பாசம். 2003-இல் அஞ்சல் துறை இந்திய அருவிகள் வரிசையில் தபால்தலை வெளியிட்டபோது கர்நாடகத்தின் ஜோக், கேரளத்தின் அதிரப்பள்ளி, முசூரிப் பக்கத்துக் கெம்ப்டி இவற்றோடு ககோலத்துக்கும் ஒரு தலை கிடைத்தது. 2024-இல் படிக்கட்டு, குளிக்கும் இடம் எல்லாம் புதுப்பித்துத் திறந்திருக்கிறார்கள். மழைக்காலத்தில் திடீரென்று வெள்ளம் பாயும். அப்போது குளிக்க விடமாட்டார்கள், விடவும் கூடாது.

வழிகாட்டிகள் சொல்லும் கதை இது. திரேதாயுகத்தில் ஒரு ராஜா, முனிவர் சாபத்தால் மலைப்பாம்பாகி இங்கே கிடந்தான். வனவாசத்தில் வந்த பாண்டவர்களால் சாபம் தீர்ந்தது. அதனால் இந்த அருவியில் குளித்தவர்களுக்குப் பாம்புப் பிறவி கிடையாது. கதை இருக்கட்டும். இங்கே திருவிழா எப்போது தெரியுமா? ஏப்ரல் 14-ஆம் தேதியை ஒட்டி, சூரியன் மேஷத்தில் நுழையும்போது. மகதத்தில் அதற்குப் பெயர் 'பிசுவா'. நமக்குச் சித்திரை முதல் நாள்; மலையாளிகளுக்கு விஷு. விஷு, பிசுவா, அசாமின் பிஹு எல்லாம் ஒரே வேர்ச்சொல்லின் பிள்ளைகள். நாம் மாங்காய்ப் பச்சடி வைக்கும் அதே நாளில் இவர்கள் சத்துமாவைப் பிசைந்து பச்சை மாங்காய்ச் சட்னியோடு சாப்பிடுகிறார்கள். ஊரை விட்டு இவ்வளவு தூரம் வந்தும் வருஷப் பிறப்பு தனியாகக் கொண்டாடுகிறோமே என்று வருத்தப்படும் குடும்பங்கள், அன்றைக்கு ககோலத் போய்ப் பார்க்கலாம். கூட்டத்தோடு கூட்டமாகக் கொண்டாடலாம்.

இனி ராஜ்கிர். வைபாரம், விபுலம், ரத்னம், உதயம், சோனம் என்று ஐந்து மலைகள் சுற்றி நிற்க, நடுவே பள்ளத்தாக்கில் இருந்தது பழைய நகரம். மகத நாட்டின் முதல் பெரிய தலைநகரம். பாடலிபுத்திரம் (அதாவது நம் பாட்னா) பிறகு வந்ததுதான். மலை உச்சிகளின் மேலேயே சுண்ணாம்பு, சாந்து எதுவும் இல்லாமல், பெரிய பெரிய பாறைகளை அடுக்கிக் கட்டிய மதில் சுமார் 40 கிலோமீட்டர் ஓடுகிறது. கயாவிலிருந்து வரும் சாலை அந்த மதிலைப் பிளந்துகொண்டுதான் உள்ளே நுழைகிறது. வண்டியை நிறுத்தச் சொல்லி ஐந்து நிமிஷம் பாருங்கள்.

நகரத்துக்குப் பள்ளத்தாக்கின் வடக்கே ஒரு வாசல். வெந்நீர் ஊற்றுகள் இருப்பது அந்த வடக்கு வாசலுக்கு வெளியே, வைபார மலை அடிவாரத்தில். கொஞ்சம் தள்ளி பிம்பிசாரன் புத்தருக்குத் தானமாகக் கொடுத்த வேணுவனம். மேலே மலையில், புத்தர் காலமானபின் முதல் பௌத்த மாநாடு கூடியதாகச் சொல்லும் சப்தபர்ணி குகை. எல்லாமே நடக்கிற தூரம். ஊற்று வாசலுக்கு வெளியே இருக்கிறது என்பதை மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

இந்தத் தண்ணீர் ஏன் சுடுகிறது? இந்தக் கேள்விக்கு இரண்டாயிரம் வருஷத்துக்கும் மேலாக ஆளுக்கு ஒரு பதில் சொல்லி வந்திருக்கிறார்கள். பாலி மொழி நூல்களில் இந்த ஊற்றுக்குப் பெயர் தபோதா. வெந்நீர் என்றுதான் அர்த்தம். தபோதா குளிர்ந்த ஏரி ஒன்றிலிருந்து புறப்பட்டாலும், இரண்டு பெரிய நரகங்களுக்கு நடுவே புகுந்து வருவதால் கொதித்துக்கொண்டு வருகிறது என்று வினய பிடகம் சொல்கிறது. ஜைனர்களின் பகவதி சூத்திரமும் இதே ஊற்றைப் பேசுகிறது. மலையடியில் பெரிய ஏரி இருக்கிறது என்று மற்ற சமயத்தார் சொல்வதை மகாவீரர் மறுக்கிறார். வெப்ப இயல்பு கொண்ட உயிர்களும் அணுக்களும் இங்கே நீராகத் தோன்றுவதால்தான் நீர் சுடுகிறது என்பது அவர் விளக்கம். ஒரே ஊற்றை வைத்துக்கொண்டு இரண்டு சமயங்களும் பௌதிகம் பேசியிருக்கின்றன!

ஏழாம் நூற்றாண்டில் வந்த சீன யாத்ரீகர் யுவான் சுவாங், நாம் பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்த அதே ஆள், நரகக் கதையையே இன்னும் விரித்து எழுதினார். தண்ணீர் தொலைதூர ஏரியிலிருந்து பூமிக்கடியில் ஐந்நூறு சின்ன நரகங்களைத் தாண்டி வருகிறதாம். தாரைகளின் வாயில் சிங்கத்தலை, யானைத்தலை செதுக்கியிருந்ததையும், நாலா திசையிலிருந்தும் நோயாளிகள் வந்து குளித்துக் குணமானதையும் குறித்திருக்கிறார். அவர் குறிப்பில் என் கண்ணில் பட்டது வேறு. முன்பு இங்கே ஐந்நூறு ஊற்றுகள் இருந்தன, இப்போது சில பத்துகள்தான் என்று எழுதுகிறார். ஐந்நூறு என்பது ஆடிட்டர் கையெழுத்திட்ட எண் இல்லைதான். ஆனால் 1,400 வருஷத்துக்கு முன்னாலேயே, "அந்தக் காலத்தில் நிறைய இருந்தது, இப்போது குறைந்துவிட்டது" என்று உள்ளூர்க்காரர்கள் அவரிடம் சொல்லியிருக்கிறார்கள் என்பது தெரிகிறது.

(யுவான் சுவாங்குக்கு நம் பக்கத்துச் சம்பந்தமும் உண்டு. அவர் பக்கத்து நாலந்தாவில் சீலபத்திரரிடம் படித்தார். சீலபத்திரரின் குரு தர்மபாலர் பிறந்தது காஞ்சிபுரம் என்று யுவான் சுவாங்கே எழுதியிருக்கிறார். வேலை விஷயமாகவோ படிப்பு விஷயமாகவோ தமிழ்நாட்டிலிருந்து மகதத்துக்கு வந்தவர்களில் நாம் முதல் ஆள் இல்லை. எதிர்த்திசையிலும் போக்குவரத்து இருந்தது. சோழன் மண்டபத்தைக் கட்டிய பல நாட்டுக் கைவினைஞர்களில் மகதத்தாரும் இருந்தார்கள் என்கிறது மணிமேகலை.)

பதினான்காம் நூற்றாண்டில் இந்தக் காட்டில் வந்து தவம் இருந்தவர் சூஃபி ஞானி மக்தூம் ஷரஃபுத்தீன் மனேரி. அவர் இருந்த இடத்தை ஒட்டிய வெந்நீர் ஊற்றுக்கு இன்றும் மக்தூம் குண்டம் என்றே பெயர். 1381-இல் பிகார்ஷரீஃபில் காலமானார். பௌத்தர், ஜைனர், இந்துக்கள், முஸ்லிம்கள் எல்லோரும் அந்தந்தக் காலத்தில் இந்த மலையடிவாரத்துக்கு வந்திருக்கிறார்கள் என்றால், சும்மா இல்லை. குளிர்காலத்தில் மகதத்தில் இருந்து பார்த்தவர்களுக்குத் தெரியும், விறகு இல்லாமல் கிடைக்கும் வெந்நீர் எவ்வளவு பெரிய வரப்பிரசாதம் என்று.

1811-12-இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக பாட்னா, கயா மாவட்டங்களை ஆராய வந்தார் பிரான்சிஸ் புக்கானன் என்ற டாக்டர். 1800-இல் சென்னையிலிருந்து கிளம்பி மைசூர், கொங்குநாடு, மலபார் எல்லாம் சுற்றி ஏரி, பயிர், தறி என்று ஒன்று விடாமல் எழுதிவைத்தாரே, அவரேதான். ககோலத்தையும் பார்த்தார், அருவியின் அடியில் இருந்த ஆழமான மடுவைக் குறிப்பிட்டார். ராஜ்கிர் ஊற்றுகளில் அவர் கேட்டது ஏன் சுடுகிறது என்று அல்ல; எவ்வளவு சுடுகிறது என்று. தெர்மாமீட்டரைத் தண்ணீரில் விட்டுப் பார்த்தார். நரகத்திலிருந்து டிகிரிக்கு விஷயம் வந்து சேர்ந்தது அப்போதுதான்.

இன்றைக்குப் புவியியலார் சொல்லும் கணக்கு எளிமையானது. இங்கே எரிமலை எதுவும் இல்லை. மலைமேல் பெய்யும் மழையில் ஒரு பங்கு பாறை வெடிப்புகள் வழியே ஆழமாக இறங்குகிறது. பூமிக்குள் ஒரு கிலோமீட்டர் இறங்கினால் சுமார் 25, 30 டிகிரி சூடு கூடும். அங்கே சூடான தண்ணீர் வேறொரு வெடிப்பு வழியே ஆறுவதற்குள் மேலே வந்துவிடுகிறது. பிரம்ம குண்டத்தில் ஏறக்குறைய 45 டிகிரி. அப்படியானால் அருவியும் ஊற்றும் ஒரே சரக்குதான்; இரண்டுமே மழை. அருவி நடப்புக் கணக்கு மாதிரி. இந்த வருஷம் விழுந்த மழை இந்த வருஷமே கைக்கு வந்துவிடும். மழை பொய்த்தால் மெலிந்துவிடும். வெந்நீர் ஊற்று நீண்டகால டெபாசிட். எப்போதோ பெய்த மழை மெல்ல மெல்ல இறங்கி, சூடு என்கிற வட்டியோடு திரும்பி வருகிறது. இதில் ஒரு சங்கடம் உண்டு. டெபாசிட்டில் ஓட்டை விழுந்தால் உடனே தெரியாது. தெரியும்போது காலம் கடந்திருக்கும்.

இப்போது நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். வினய பிடகத்தில், பிக்குகளுக்கான ஒவ்வொரு விதியும் எந்தச் சம்பவத்தால் வந்தது என்று எழுதியிருக்கிறது. குளிப்பதைப் பற்றிய விதி பிறந்தது இந்த ஊற்றில்.

ஒருநாள் பிம்பிசாரன் தலைக்குக் குளிக்கலாம் என்று தபோதாவுக்கு வந்தான். மகதத்தின் ராஜா. ஊற்றில் பிக்குகள் குளித்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் முடிக்கட்டும், பிறகு குளித்துக்கொள்கிறேன் என்று ஒரு பக்கமாக ஒதுங்கிக் காத்திருந்தான். பிக்குகள் எழுந்திருக்கவில்லை. இருட்டும்வரை குளித்தார்கள். அதற்குமேல் ராஜா குளித்துவிட்டுப் போய்ப் பார்த்தால் நகரத்தின் கோட்டைக் கதவு சாத்தியாகிவிட்டது. (ஊற்று வாசலுக்கு வெளியே என்று சொன்னேனே, அதுதான் இது.) தன் நகரத்துக்கு வெளியே ராத்திரியைக் கழித்தான் ராஜா. காலையில், பூசிய வாசனைத் திரவியங்கள் அப்படியே இருக்க, நேராகப் புத்தரிடம் போனான். இவ்வளவு விடிகாலையில் எங்கே வந்தீர்கள் என்று அவர் கேட்க, விஷயத்தைச் சொன்னான்.

புத்தர் பிக்குகளைக் கூப்பிட்டுக் கண்டித்தார். ராஜாவைப் பார்த்தபிறகும் அளவு தெரியாமல் குளிப்பதா என்று. அரைமாதத்துக்கு ஒருமுறைதான் குளிக்கலாம் என்று விதி வந்தது. பிறகு நடைமுறைச் சிக்கல்கள் ஒவ்வொன்றாக வர, விதிவிலக்குகளும் சேர்ந்தன. கோடைக்காலம், புழுக்கம், உடம்பு சரியில்லாதபோது, வேலை செய்தபோது, பயணத்தில், காற்றும் மழையும் அடித்தபோது. நம் ஆபீஸ் சுற்றறிக்கைகளும் இப்படித்தான் வளர்கின்றன, இல்லையா?

இதில் என்னை யோசிக்க வைத்தது இரண்டு விஷயம். ஒன்று, ராஜா காத்திருந்தது. "எழுந்திருங்கள், ராஜா வந்திருக்கிறார்" என்று யாரும் அதட்டியதாக நூலில் இல்லை. இரண்டாவது, தண்ணீர் ஏன் சுடுகிறது என்று எல்லோரும் மண்டையை உடைத்துக்கொண்டிருந்த இடத்தில், ஒருவர் எவ்வளவு நேரம் குளிக்கலாம் என்ற கேள்வியை இந்தச் சம்பவம் எழுப்பியது. எல்லோருக்கும் பொதுவான தண்ணீரில் முதலில் வந்தவன் எவ்வளவு எடுத்துக்கொள்ளலாம், பின்னால் நிற்பவனுக்கு என்ன மிச்சம் என்ற கேள்வி அது. தெருக்குழாயில் குடம் வைத்து வரிசையில் நின்று வளர்ந்த நமக்கு இந்தக் கேள்வி புதிதே இல்லை.

அந்த விதியில் நம் பக்கத்துக்காரர்களுக்கு ஒரு சலுகையும் இருக்கிறது! அவந்தி, தக்கிணாபதம் பக்கத்து ஜனங்கள் குளிப்பதைப் பெரிதாக மதிக்கிறவர்கள், தண்ணீரால்தான் சுத்தம் என்று நினைக்கிறவர்கள். அங்கே இந்த விதி சரிப்படாது என்று சோணர் என்ற பிக்கு தன் குருவின் சார்பாக வந்து விண்ணப்பித்தார். மத்திய தேசத்துக்கு வெளியே உள்ள எல்லைப்புற நாடுகளில் தாராளமாகக் குளிக்கலாம் என்று புத்தர் அனுமதித்தார். விடிகாலையில் குளித்துவிட்டுத்தான் காப்பி என்று அடம்பிடிக்கும் நம்மூர்ப் பெரியவர்களைப் பார்த்து இங்கே பக்கத்து வீட்டுக்காரர்கள் ஆச்சரியப்படும்போது எனக்கு அந்தச் சோணர் ஞாபகம்தான் வரும்.

இன்றைய நிலவரத்துக்கு வருவோம். மூன்று வருஷத்துக்கு ஒருமுறை அதிக மாதம் வரும்போது ராஜ்கிரில் மல்மாஸ் மேளா. நம் தமிழ் மாதங்கள் சூரியனை வைத்துப் போவதால் நமக்கு அதிக மாதம் சேர்க்கும் வேலை இல்லை. சந்திரக் கணக்கில் போகிறவர்களுக்குப் பன்னிரண்டோடு ஒன்று கூட வரும். அந்த மாதம் முப்பத்து முக்கோடி தேவர்களும் ராஜ்கிரில் இருப்பதாக ஐதீகம். 2023-இல் ஜூலை, ஆகஸ்டில் வந்தது. லட்சக்கணக்கில் ஜனங்கள் அந்தச் சின்னக் குண்டங்களில் முழுகி எழுவார்கள்.

சமீப வருஷங்களில் கோடையில் சில தாரைகள் மெலிந்துபோனதாகவும், சில நின்றே போனதாகவும் செய்திகள் வந்திருக்கின்றன. ஊரைச் சுற்றிப் புதிய கட்டடங்கள், ஓட்டல்கள். ஒவ்வொன்றுக்கும் ஆழ்துளைக் கிணறு. உள்ளூரில் யாரைக் கேட்டாலும் முதலில் அதைத்தான் கை காட்டுகிறார்கள். 2022 நவம்பரில் பீகார் அரசு பெரிய திட்டம் ஒன்றைத் தொடங்கியது. மொகாமா அருகே ஹாதிதாவில் வெள்ளக் காலத்துக் கங்கைத் தண்ணீரை எடுத்து, குழாய் வழியே கொண்டுவந்து, தேக்கிச் சுத்தம் செய்து ராஜ்கிர், கயா, புத்தகயா வீடுகளுக்குக் கொடுக்கிறார்கள். யாத்திரைக்காரர்கள் தண்ணீரைத் தேடி வந்த ஊருக்கு, குடிக்கத் தண்ணீர் வேறு ஊரிலிருந்து வருகிறது. திட்டம் நல்ல திட்டம்தான். நிலத்தடி நீரின் மேல் உள்ள பாரத்தை அது குறைக்கும். ஆனால் கங்கை வந்துவிட்டது என்று மேலும் மேலும் துளை போட்டுக்கொண்டே போனால் குழாய் கொண்டுவரும் வரவு செலவுக்குப் போதாது. வேறு தண்ணீரைக் குழாயில் கொண்டுவரலாம். மலைக்கடியில் சூடாகி வரும் தண்ணீரை யாராலும் கொண்டுவர முடியாது.

போகிறவர்களுக்குக் கடைசியாகச் சில வார்த்தைகள். அருவிக்கும் ஊற்றுக்குமாக இரண்டு செட் மாற்றுத் துணி எடுத்துக்கொள்ளுங்கள். குண்டத்தில் பண்டாக்கள் கேட்கும் தட்சிணையை முன்கூட்டியே பேசிவிடுங்கள். ரத்த அழுத்தம், இருதயத் தொந்தரவு உள்ள பெரியவர்கள் வெந்நீரில் சட்டென்று இறங்க வேண்டாம். காலை மட்டும் நனைத்தால்கூடப் போதும். சோப்பு, ஷாம்பு கொண்டுபோக வேண்டாம். சுகமாக இருக்கிறதே என்று உட்கார்ந்துவிடத் தோன்றும். பத்து நிமிஷத்தில் எழுந்து பின்னால் நிற்பவருக்கு இடம் விடுங்கள். பிம்பிசாரனையே காக்க வைத்த இடம் அது.